மூன்றடி ஆழம், சரி

குறை சொல்வது ஒரு கலை. அரசாங்கச் செலவில் ஊர் ஊராகப் போய்க் குறை பார்ப்பது ஒரு தொழில், அதுவும் மோட்டார்சைக்கிளுக்குப் பெட்ரோல் படி மட்டும் கிடைக்கிற தொழில்.

அந்தத் தொழிலுக்கு நான் எப்படி வந்தேன் என்பதற்கு முன்னால், அதுவரை நடந்த அநியாயங்களை வரிசைப்படி சொல்லிவிடுகிறேன். வரிசை மாறினால் எதிராளி அதையே பிடித்துக்கொள்வான். முதலாவது, நாங்கள் பிறந்த ரப்பர் தோட்டத்தை விற்றார்கள். வீட்டைக் காலி செய்யச் சொல்லும் கடிதம் வருவதற்கு முன்பே மண்வாரி இயந்திரம் வந்துவிட்டது. இரண்டாவது, தம்போய் என்ற ஊரில் ஒரு தொழிற்சாலையில் கழிப்பறைக்குப் போக நேரம் கேட்டு அறிக்கை அச்சடித்தேன். இனி நாள் முழுவதும் போகலாம் என்று வேலையை விட்டு அனுப்பினார்கள். மூன்றாவது, பேருந்து நிறுத்தத்துக்குக் கூரை கேட்டு மனு எழுதினோம். கூரை வந்து சேர்வதற்குள் அந்தப் பேருந்து வருவது நின்றுபோனது. நான்காவது, பெருந்தொற்றுக் காலத்தில் எங்கள் வரிசை வீடுகளுக்கு அரிசி கொண்டுவந்தார்கள். படம் சரியாக விழவில்லை என்று கொடுத்த பையை வாங்கி மறுபடி கொடுத்தார்கள். ஐந்தாவது, விழுந்த பொருளாதாரத்தைத் தூக்கி நிறுத்த ஊக்குவிப்புத் தொகுப்பு என்று ஒன்றை அறிவித்து, அதைக் கண்காணிக்க என்னைக் கூப்பிட்டார்கள். ஐந்தாவது அநியாயமா, நியாயமா என்று இன்றைக்கும் எனக்கு விளங்கவில்லை.

நான் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு வரை படித்தவன். மீதிப் படிப்பைத் துண்டறிக்கைகள் கொடுத்தன. அதனால் என் எழுத்தில் கொஞ்சம் ஒலிபெருக்கிச் சத்தம் இருக்கும். எண் சீட்டு வாங்கி உட்கார்ந்து, உங்கள் எண் வருகிற நேரத்தில் அலுவலகச் சன்னலை மூடிச் சாப்பிடப் போனவர்களைப் பார்த்துப் பழகிய தோழர்களே, உங்களுக்குத்தான் இதைச் சொல்கிறேன்.

உள்ளே ஒரு நாற்காலி

என்னைக் கூப்பிட்டவர் என்சிக் ரஸ்லான், மலாய் மரியாதைப்படி திரு ரஸ்லான். எந்த அலுவலகம் என்று சொல்லமாட்டேன். உங்களுக்குத் தெரிந்த எந்த அலுவலகமாகவும் வைத்துக்கொள்ளலாம். இளம் அதிகாரி, மரியாதை தெரிந்தவர். மேசைமேல் ஒரு தடித்த கோப்பு இருந்தது. திறந்து பார்த்தால், அத்தனை வருஷமாக நான் எழுதிய கடிதங்கள். ஒன்றுகூடத் தொலையவில்லை. பெருமையோடு புரட்டினேன். பிறகுதான் பார்த்தேன், காகித ஊசிகள் துருப்பிடித்துப் பக்கங்களோடு ஒட்டிக்கிடந்தன. எதையும் யாரும் பிரிக்கவில்லை.

அவர் விளக்கினார். தொகுப்பில் சின்னச் சின்ன வேலைகள் நிறைய உண்டு. கால்வாய், தெருவிளக்கு, கூரை, விளையாட்டு மைதானம். சின்னக் குத்தகைக்காரர்களுக்கு, அதாவது ஒப்பந்தக்காரர்களுக்கு, பிரித்துக் கொடுத்து வேகமாக முடித்தால் அவர்களுக்கும் வேலை, மக்களுக்கும் வசதி. சொன்னபடி நடந்ததா என்று நேரில் போய்ப் பார்க்கப் பொதுமக்கள் பிரதிநிதி ஒருவர் வேண்டும். அவர் கையெழுத்துப் போட்டால்தான் நிறைவுச் சான்றிதழ். இவ்வளவு பேர் இருக்கும்போது என்னை ஏன் தேர்ந்தெடுத்தீர்கள் என்று கேட்டேன். அவர் மலாயில் சொன்ன பதிலை நம் பேச்சில் தருகிறேன்.

“என்சிக் கோவின், வெளிய நின்னு நீங்க எழுதுறதுக்கெல்லாம் பதில் எழுதுறதவிட, உள்ள ஒரு நாற்காலி போடுறது எங்களுக்கு லேசு லா.”

கட்டிலுக்குக் கீழே செங்கல்

என் பட்டியலில் முதல் வேலை என் வீட்டிலிருந்து பத்து நிமிடத் தூரத்தில், தம்போயில் ஒரு மலிவு விலை வரிசை வீட்டுச் சந்தில் இருந்தது. கால்வாயை, எங்கள் பேச்சில் லோங்காங்கை, ஆழப்படுத்தும் வேலை. வேலை தொடங்குமுன் பார்த்துவைப்போம் என்று ஞாயிற்றுக்கிழமை போனேன். மற்ற நாளில் போனால் அந்தச் சந்தில் ஆளே இருக்காது. எல்லாரும் விடியுமுன் எழுந்து எல்லைப் பாலத்தைக் கடந்து சிங்கப்பூருக்கு வேலைக்குப் போய்விடுவார்கள்.

கடைசி வீடு ஜெயக்கொடியுடையது. சிங்கப்பூரில் ஒரு சாப்பாட்டுக் கடையில் மேசை துடைக்கிற வேலை. புருஷன் மணியத்துக்குப் பக்கவாதம். வலது கை மட்டும் தூக்குவார், பேச்சு வராது. மாடி ஏற முடியாததால் கட்டிலைக் கீழே முன்னறையில் போட்டிருந்தார்கள். கட்டில் கால்களுக்கு அடியில் இரண்டிரண்டு செங்கல். மழை பெரிதாகப் பெய்தால் கால்வாய் நிரம்பி, தண்ணீர் வாசலைத் தாண்டி உள்ளே வந்துவிடுமாம். பகலில் பெய்தால் வீட்டில் அவர் ஒருவர்தான். பக்கத்து வீட்டு ஆ செங் அங்கிள் மத்தியானம் வந்து சோறு ஊட்டிவிட்டுப் போவார், அவ்வளவுதான். பாலத்துக்கு அந்தப் பக்கம் மேகம் கறுத்தாலே துடைத்த மேசையையே மறுபடி துடைப்பேன் என்று ஜெயக்கொடி சொன்னார். நான் வரைபடத்தைப் பிரித்து, இரண்டடி ஆழம் மூன்றடி ஆகப்போகிறது என்று பெருமையோடு காட்டினேன். அவர் அதைப் பார்க்கவே இல்லை.

“அண்ணே, லோங்காங்க எத்தனை அடி வேணும்னாலும் போட்டுக்கோங்க. அவரு கட்டிலுக்குக் கீழ தண்ணி வரக்கூடாது, அவ்வளவுதான்.”

கை காட்டிய கதை

இந்தச் சின்ன வேலைகளைக் குலுக்கல் முறையில் கொடுப்பார்கள் என்று எனக்கு அதுவரை தெரியாது. தகுதி உள்ளவர்கள் நிறைய, வேலை குறைவு. யாருக்கும் சலுகை இல்லாமல் இருக்க ஒரு பெட்டிக்குள் எண் போட்ட பந்துகள். பார்வையாளன் என்ற முறையில் எனக்கு முன்வரிசை. வாழ்நாள் முழுவதும் மேடைக்குக் கீழே நின்று கத்தியவனுக்கு, மேடையில் நடப்பதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பது ஆச்சரியமாகத்தான் இருந்தது. ஒருவர் பெட்டிக்குள் கையை விடுமுன் வெளியே ஓடித் தன் லாரியைத் தொட்டுவிட்டு வந்தார். இன்னொருவர் தனக்குக் கைராசி இல்லை என்று மனைவியை எடுக்கவிட முடியுமா என்று கேட்டார். ஒரு சீனப் பெரியவர் கையை முழங்கைவரை கழுவிவிட்டு வந்தார். யாரும் யாரையும் பார்த்துச் சிரிக்கவில்லை. தேர்வு மண்டபம்போல் அமைதி.

தம்போய்ச் சந்துக் கால்வாய் தங்கவேலு என்பவருக்கு விழுந்தது. ஐம்பது வயது, வெயிலில் கறுத்த முகம், சட்டைப் பையில் பென்சில். பெருந்தொற்றுக்குப் பிறகு அவருக்குக் கிடைத்த முதல் வேலை. வாழ்த்துச் சொல்லி, சந்தோஷமா என்று கேட்டேன்.

“சந்தோஷந்தாண்ணே. இருவது வருஷ அனுபவத்தக் காட்டலாம்னு கோப்பு கட்டிக்கிட்டு வந்தேன். கைய மட்டும் காட்டச் சொல்லிட்டாங்க.”

பலகைக்கு வேலை

பெக்கான் நானாஸ் பக்கத்தில் ஓர் அன்னாசித் தோட்டப் பாதையில் தெருவிளக்குப் போடும் வேலை. வேலை நடக்கிற இடத்தில் பலகை வைக்க வேண்டும். வேலையின் பெயர், குத்தகைக்காரர் பெயர், முடியும் நாள் எல்லாம் அதில் இருக்கும். அனுப்பிய படத்தில் பலகை பளபளவென்று நின்றது. நேரில் போனேன். பலகை நின்ற இடத்தில் இரண்டு குழி இருந்தது. விளக்குக் கம்பம் நட ஒரு குழிகூட இல்லை.

பாதையோரம் பழம் வெட்டி விற்றுக்கொண்டிருந்த அம்மாளிடம் விசாரித்தேன். அவர் கத்தியைத் துடைத்துக்கொண்டே, காலையில் ஒரு லாரி வந்தது, நாலு பேர் இறங்கினார்கள், பலகையை நட்டார்கள், படம் பிடித்தார்கள், பிடுங்கி ஏற்றிக்கொண்டு அடுத்த இடத்துக்குப் போனார்கள் என்று வரிசை தப்பாமல் சொன்னார். அப்படியானால் வேலையே நடக்கவில்லையா என்று கேட்டேன்.

“நடக்காம என்னங்க? நட்டு, பிடுங்கி, ஏத்தி, இறக்கி, பாவம், அந்தப் பலகைக்கு ஓய்வே இல்லை.”

“முடியவில்லை” என்ற கட்டத்தில் தடித்த கோடு போட்டேன். அடுத்த மாதமே அங்கே நிஜமாக விளக்கு எரிந்தது. என் கோட்டுக்கு விளக்கு எரிகிறது என்று எனக்குத் தலைகால் புரியவில்லை. அந்தத் திமிர் அடுத்த ஊரில் இறங்கியது.

மூன்று படத்திலும் ஒரே நாய்

பெர்மாஸ் ஜெயாவில் விளையாட்டு மைதானம் ஒன்றைச் சீரமைத்தார்கள். விதிப்படி மூன்று படம் வேண்டும்: வேலைக்கு முன், வேலையின்போது, வேலைக்குப் பின். மூன்றையும் வரிசையாக வைத்துப் பார்த்த எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. சறுக்குமரம் மாறியிருந்தது, ஊஞ்சல் மாறியிருந்தது, தரை மாறியிருந்தது. ஆனால் மூன்று படத்திலும் அதே மரத்தடியில், அதே பக்கமாகத் தலைவைத்து, ஒரு பழுப்பு நாய் படுத்திருந்தது. ஒரே நாளில் எடுத்து ஒட்டுவேலை செய்திருக்கிறார்கள்! நேரில் போகாமலே நான்கு பக்கம் எழுதினேன். “நாய் சாட்சி” என்று தலைப்பும் போட்டேன். இளைஞனாக இருந்தபோது எழுதிய அறிக்கைகளைவிட அது நன்றாக வந்திருந்தது.

என்சிக் ரஸ்லான் படித்துவிட்டுத் தன் காரில் என்னை அழைத்துப் போனார். மைதானம் புத்தம் புதிதாக இருந்தது. பிள்ளைகள் சறுக்கிக்கொண்டிருந்தார்கள். மரத்தடியில் அதே நாய், அதே பக்கமாகத் தலைவைத்துத் தூங்கியது. எதிரே தேநீர்க் கடை வைத்திருந்த பெண்மணியிடம் அது எப்போதிலிருந்து அங்கே படுக்கிறது என்று கேட்டேன்.

“டோமியா? அது கல்யாணக் கொட்டுக்கே எழுந்திரிக்காதுங்க. மண்வாரி அதச் சுத்திப் போயிதான் வேலை செஞ்சுச்சு.”

அளவுநாடா

அன்றைக்கு ஒரு முடிவு எடுத்தேன். இனிமேல் சந்தேகம் வேண்டாம், அளவு போதும். நல்ல இரும்பு அளவுநாடா ஒன்று வாங்கினேன். மனுஷனுக்குக் கோபம் வரும், அளவுநாடாவுக்கு வராது.

அந்த உற்சாகத்தில் தம்போய்ச் சந்துக்குப் போனேன். புதன்கிழமை காலை பத்து மணி, நல்ல வெயில். சந்தில் ஆள் இல்லை. ஆ செங் அங்கிளும் சந்தைக்குப் போயிருந்தார். தங்கவேலு காத்திருந்தார். வரைபடத்தில் மூன்றடி. நாடாவின் கொக்கியைக் கால்வாயின் அடியில் ஊன்றி மேல்விளிம்பில் படித்தேன்: மூன்றடி. பத்து அடி தள்ளி ஊன்றினேன்: மூன்றடி. ஜெயக்கொடி வீட்டு வாசலுக்கு நேரே ஊன்றினேன்: மூன்றடி, ஒரு நூல் அதிகம். விளிம்பில் சிமெண்ட் பூச்சு கண்ணாடிபோல் இருந்தது. பாராட்டக்கூடச் செய்தேன்.

படிவத்தில் இரண்டு கட்டம்தான்: முடிந்தது, முடியவில்லை. முதல் கட்டத்தில் கோடு போட்டு, கீழே “மூன்றடி ஆழம், சரி” என்று எழுதிக் கையெழுத்திட்டேன். நிமிர்ந்தபோது ஜன்னல் கம்பி வழியாக மணியம் வலது கையைத் தூக்கி ஆட்டுவது தெரிந்தது. மேலே, மேலே என்று இரண்டு முறை தூக்கினார். நன்றி சொல்கிறார் என்று நினைத்து நானும் கையைத் தூக்கி ஆட்டினேன். தங்கவேலு படிவத்தை வாங்கி ஊதிக் காயவைத்தார்.

“அலமாக், என்னா அழகான கையெழுத்துண்ணே! இத்தன வருஷமா இத மனுவுல போட்டு வீணாக்கிட்டீங்களே.”

வெளியே கெண்டைக்கால், உள்ளே கணுக்கால்

மூன்று வாரம் கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் வானம் உடைந்தது. எனக்குப் பயமே இல்லை, கால்வாய் மூன்றடி. ஜன்னலோரம் உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டிருந்தபோது ஆ செங் அங்கிள் தொலைபேசியில் கத்தினார். மழைச் சத்தத்தில் “மணியம்” என்பது மட்டும் விளங்கியது. மோட்டார்சைக்கிளில் போய்ச் சேர்ந்தபோது சந்து முழுவதும் தண்ணீர். முன்னறையில் செங்கல்கள் மூழ்கி, தண்ணீர் கட்டில் கால்களில் ஏறிக்கொண்டிருந்தது. மணியம் கண்ணைத் திறந்துகொண்டு கூரையைப் பார்த்தபடி கிடந்தார். கிழவர்கள் நாங்கள் இருவரும் அவரைத் தூக்கிச் சாப்பாட்டு மேசைமேல் கிடத்தினோம். எப்படித் தூக்கினோம் என்று கேட்டால் இப்போது சொல்லத் தெரியாது.

பிறகு வெளியே வந்து கால்வாயைப் பார்த்தேன். உள்ளே தண்ணீர் கணுக்கால் அளவுதான். வெளியே எனக்குக் கெண்டைக்கால்வரை. அப்போதுதான் விளங்கியது. கால்வாய் தோண்டப்படவே இல்லை. அடி பழைய அடிதான். இரண்டு பக்கச் சுவரையும் ஓரடி உயர்த்திக் கட்டியிருந்தார்கள். கீழே இரண்டடி பாசி பிடித்த பழைய சுவர், மேலே ஓரடி புதுச் சிமெண்ட். மூன்றடி ஆழம் உண்மைதான். சந்துத் தண்ணீர் அதற்குள் இறங்கத்தான் வழி இல்லை. முன்பு மழை பெருத்தால் நிரம்பி வழிந்த கால்வாய் இப்போது காலியாக இருந்தது, வீடுதான் நிரம்பியது. ஆ செங் அங்கிள் “இது லோங்காங் இல்ல லா, அணை” என்று சொல்லிக்கொண்டே சம்மட்டியை எடுத்துவந்து வாசலுக்கு நேரே சுவரை இரண்டடி அகலத்துக்கு உடைத்தார். தண்ணீர் உறுமிக்கொண்டு உள்ளே பாய்ந்தது. அரை மணியில் வாசற்படி தெரிந்தது.

பாலத்து நெரிசலைத் தாண்டி ஜெயக்கொடி ஏழு மணிக்கு வந்தார். மேசைமேல் இருந்த புருஷனின் பாதத்தைத் தொட்டுப் பார்த்தார். ஈரத் தரையைப் பார்த்தார். மூன்று இடத்தில் அளந்துதான் கையெழுத்துப் போட்டேன் என்று சொல்லிவிட்டு, திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டியிருந்தால் தேவலை.

“லோங்காங்க மூணு தடவ அளந்தீங்கல்ல அண்ணே, எங்க வாசப்படியிலேர்ந்து ஒரு தடவ அளந்து பாத்தீங்களா?”

கீழே போகாததற்குக் காரணம்

மறுநாள் தங்கவேலுவைத் தேடிப் போனேன். அடிக்கிற கோபத்தோடுதான் போனேன். அவர் மறைக்கவில்லை. தோண்ட ஆரம்பித்த முதல் நாளே கால்வாய்க்கு அடியில் பெரிய தண்ணீர்க் குழாய் தட்டுப்பட்டதாம். அதை நகர்த்த வேறொரு அலுவலகத்தில் அனுமதி வாங்க வேண்டும். அனுமதி வர எத்தனை மாதம் என்று யாருக்கும் தெரியாது. இது ஊக்குவிப்பு வேலை, குறித்த நாளுக்குள் முடிக்காவிட்டால் அடுத்த குலுக்கலில் அவர் பெயரே இருக்காது. கூலிக்கு நின்ற நாலு பேரும் அவரைப் பார்த்துக்கொண்டே நின்றார்களாம். ஏனய்யா, அன்றைக்கே என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே என்று கேட்டேன். அவர் பென்சிலை எடுத்துக் காதில் செருகினார்.

“நீங்க கேட்டது ஆழம் மட்டுந்தானேண்ணே. கீழ போக முடியல, மேல போனேன். நீங்களும் அளந்து பாத்து சரின்னுட்டீங்க.”

வீட்டுக்கு வந்து வெகுநேரம் யோசித்தேன். சிவப்பு மையில் தலைப்புப் போட்டு அவரைக் கிழிக்கலாம். எனக்கு அது கைவந்த கலை. ஆனால் அந்த ஆள் செய்த தப்பு முழுவதும் என் அளவுநாடாவுக்கு முன்னால் திறந்துதான் கிடந்தது.

அரசாங்கச் சொத்து

சுவரை உடைத்ததால் அடுத்த மழைக்குத் தண்ணீர் வாசலோடு நின்றது. அது நிரந்தரம் இல்லை, ஆனாலும் மூச்சுவிட முடிந்தது. இதைச் சொல்லத்தான் அலுவலகம் போனேன். என்சிக் ரஸ்லான் முகம் வாடியது. அவர் அலுவலகக் கணக்குப்படி அந்தக் கால்வாய் முடிந்த வேலை. முடிந்த வேலையில் ஓட்டை இருந்தால் அது சேதம். சேதத்தை அடைக்க ஆள் அனுப்பும் உத்தரவு ஏற்கெனவே போயாயிற்று. பதினைந்து நாளில் வந்து அந்த இரண்டடியையும் பூசி மூடிவிடுவார்கள். அதற்குப் பிறகு மழைக்காலம்.

நிறுத்த வழி இல்லையா என்று கேட்டேன். இருந்தது, ஒன்றே ஒன்று. மேலிடத்திலிருந்து தணிக்கை அதிகாரி ஒருவர் அடுத்த வாரம் வந்து, தொகுப்பு வேலைகளைப் பற்றிப் பொதுமண்டபத்தில் குடியிருப்பாளர்கள் முன்னால் விசாரிக்கப் போகிறார். சரிபார்த்தவரே அங்கே எழுந்து, தான் சரிபார்த்தது தவறு என்று இரண்டு சாட்சிகள் முன்னால் தன் பெயரைச் சொல்லிப் பதிய வேண்டும். அப்படிச் செய்தால் சான்றிதழ் ரத்து. தங்கவேலு குழாய் அனுமதியோடு மறுபடி தோண்ட வேண்டும், அதற்குக் கூடுதல் நாளும் கிடைக்கும். இல்லையென்றால் கால்வாய் முடிந்தது முடிந்ததுதான். நல்லெண்ணத்தில்தான் அவர் இரண்டாவது யோசனையையும் சொன்னார். அறிக்கையில் என் பெயரை எடுத்துவிட்டுக் “குழு சரிபார்த்தது” என்று எழுதிவிடலாம். ஜெயக்கொடி அடுத்த ஆண்டு ஒதுக்கீட்டில் புதிதாக விண்ணப்பம் போடலாம்.

“யோசிச்சுக்கோங்க, என்சிக் கோவின். உங்க பேரு ஒருதடவ இதுல ஏறிட்டா, இனிமே நீங்க எந்த ஆபீசுக்கு என்ன கடிதம் எழுதினாலும் முதல் பக்கமா இதத்தான் சேர்த்து வைப்பாங்க.”

மண்டபத்தில்

சனிக்கிழமை காலை மண்டபத்தில் அறுபது எழுபது பேர் இருந்தார்கள். தணிக்கை அதிகாரி ஹலிமா அம்மையார், மலாயில் புவான் ஹலிமா, கண்ணாடியை மூக்கு நுனியில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு வேலையாகத் திரையில் காட்டினார். பெக்கான் நானாஸ் விளக்கு வந்தது. பெர்மாஸ் ஜெயா மைதானம் வந்தது. டோமியைப் பார்த்ததும் கூட்டம் சிரித்தது, நானும் சிரித்து வைத்தேன். பிறகு தம்போய்க் கால்வாய். “ஆழம்: மூன்றடி. நிலை: முடிந்தது. சரிபார்த்தது: குழு.” எனக்காக என்சிக் ரஸ்லான் ஏற்பாடு செய்துவிட்டார். அவர் என் பக்கம் திரும்பாமல் காகிதங்களை அடுக்கிக்கொண்டிருந்தார்.

ஜெயக்கொடி அன்றைக்குச் சிங்கப்பூர் வேலைக்கு விடுப்புப் போட்டுவிட்டு வந்திருந்தார். சக்கர நாற்காலியில் மணியம். பக்கத்தில் ஆ செங் அங்கிள், துவைத்த வெள்ளைச் சட்டையில். கடைசி வரிசையில் தங்கவேலு. இந்த வேலையைப் பற்றி யாருக்காவது சொல்ல இருக்கிறதா என்று புவான் ஹலிமா கேட்டார். ஜெயக்கொடி எழுந்தார். மலாயில் தடுமாறித் தடுமாறிச் சொன்னார். தண்ணீர் வந்தது, புருஷன் எழ முடியாதவர், கால்வாய் காலியாக இருந்தது, வீடு நிறைந்தது. அதிகாரி குறித்துக்கொண்டார். பிறகு, குழு என்றால் யார், போய்ப் பார்த்தது யார் என்று கேட்டார்.

பின்னாலிருந்து தங்கவேலு “அண்ணே, உக்காருங்க லா, நானே சொல்லிக்கிறேன்” என்று மெதுவாகச் சொன்னபோதுதான் நான் எழுந்து நிற்பது எனக்கே தெரிந்தது. முன்னால் போனேன். அசல் படிவத்தைக் கேட்டேன். என்சிக் ரஸ்லான் ஒரு கணம் தயங்கிக் கோப்பிலிருந்து உருவிக் கொடுத்தார். சாட்சிகள் யார் என்று அதிகாரி கேட்டார். ஆ செங் அங்கிள் கையைத் தூக்கினார். மணியமும் வலது கையைத் தூக்கினார். அவரால் கையெழுத்துப் போட முடியாதே என்று யாரோ சொன்னதற்கு, கண்டவர் அவர்தான், கைநாட்டுப் போடட்டும் என்று புவான் ஹலிமா சொல்லிவிட்டார். நான் படிவத்தைக் கண்ணுக்கு நேரே பிடித்து, மேலிருந்து கீழாக, தகப்பன் பெயரையும், அதற்கு முன்னால் மகன் என்பதற்கு மலாயில் போடுகிற ‘அனாக் லெலாக்கி’யையும் விடாமல் வாசித்தேன்.

நாற்பது வருஷமாகப் பொறுப்பாளி யார், பொறுப்பாளி யார் என்று கேட்டுத் தொண்டை கட்டியவனுக்கு அரசாங்கம் கடைசியில் எழுத்துமூலம் ஒரு பதில் கொடுத்தது, அதையும் அவனே எழுந்து நின்று வாசிக்க வேண்டியிருந்தது: “சரிபார்த்தவர், கோவிந்தராஜு அனாக் லெலாக்கி பொன்னையா.”